சீனா போறப்ப சமையல் கிளாஸ் போலாமா? சும்மா பாக்குறது இல்ல, நம்ம கைல செய்ற மாதிரி

கொருக்குப்பேட்டை கரண்டி:

எல்லாருக்கும் வணக்கம். எங்க மாமா மொபைல் கவர், சார்ஜர்லாம் ஹோல்சேல் பண்றாரு, வருஷா வருஷம் குவாங்ஜோ கேன்டன் ஃபேருக்கு, அதான் அங்க நடக்குற பெரிய வியாபார கண்காட்சிக்கு போவாரு, வர்ற ஏப்ரல்ல என்னையும் கூட்டினு போறேன்னு சொல்லிகீறாரு. எலக்ட்ரானிக்ஸ் முதல் ஃபேஸ்லயே 15லேந்து 19க்குள்ள முடிஞ்சிடும், அதுக்கப்புறம் அவரு ஷென்ஜென் பக்கம் ஃபேக்டரி பாக்க கெளம்பிடுவாரு, நான் கொஞ்ச நாள் சும்மா தான் இருப்பேன்.

அண்ணன் வியாசர்பாடில சாயங்காலம் ஃபாஸ்ட் ஃபுட் வண்டி போடுறான். நான் கல்லாவும் பாப்பேன், கூட்டம் ஏறிச்சுன்னா வாணலியும் புடிப்பேன். அதனால அவ்ளோ தூரம் போறமே, அங்க ஒரு சமையல் கிளாஸ் போய்ப் பாக்கலாமேன்னு ஆச. ஆனா நெட்ல தேடினா எல்லாரும் 'ஹேண்ட்ஸ் ஆன்'னு தான் போட்டுக்குறான், வீடியோவ பாத்தா மாஸ்டர் ஒருத்தர் தான் கிண்டுறாரு, மத்த பத்து பேரும் ஏப்ரன் கட்டினு செல்ஃபி எடுத்துனுகீறான். அந்த மாதிரி எனக்கு வேணாம்.

குவாங்ஜோலயே போலாமா, இல்ல செங்டு வரைக்கும் போணுமா? யாங்ஷுவோன்னு ஒரு ஊர் பேரும் நெறைய வருது. சீன பாஷ ஒரு வார்த்த தெரியாது. பீஃப் ஓகே, பன்னி மட்டும் வேணாம்னு அம்மா இப்பவே சத்தியம் வாங்கிடுச்சு. கடசியா, இதெல்லாம் நம்ம வண்டிக்கு ஒதவுமா ஒதவாதா?

மூலக்கடை முட்டை ரைஸ்:

கடசி கேள்விக்கு மொதல்ல பதில் சொல்றேன் நைனா, ஒதவாது. நானும் ஃபாஸ்ட் ஃபுட் லைன்ல தான் கீறேன். உன் வண்டிக்கு வர்றவன் இன்னா கேக்குறான், சிக்கன் ரைஸ், கோபி மஞ்சூரியன், ஷெஸ்வான் நூடுல்ஸ், மேல கொஞ்சம் சாஸ் அடி மாஸ்டர்னு கேக்குறான். இதுல எது சீனாவுல கீது? மஞ்சூரியன்ன்றதே 1975ல மும்பைல கிரிக்கெட் கிளப்ல நெல்சன் வாங்னு ஒர்த்தர் போட்ட அயிட்டம், அவரு கொல்கத்தா சீனக்காரரு. நீ செங்டு போய் மஞ்சூரியன் கேட்டா அவன் உன்ன மேலயும் கீழயும் பாப்பான். நம்ம பண்றது நம்மூர் சமையல்பா, இஞ்சி பூண்டு பச்ச மொளகா கார்ன்ஃப்ளார், அதுல சோயா சாஸ் ஊத்துனா சைனீஸ். அதுக்கு துட்டு செலவு பண்ணி கிளாஸ் போற நேரத்துல, அந்த காசுக்கு பெரிய பர்னர் ஒன்னு வாங்கிப் போடு. ஊர் சுத்தணும்னா சுத்து, அது வேற.

பெரம்பூர் அக்கா:

மேல சொன்னவர் மெனுவ பத்தி சொன்னது சரி தான், ஆனா கிளாஸ்ல கத்துக்கறது மெனுவ இல்லயே. ரெசிபி தான் யூட்யூப்ல கொட்டிக் கெடக்கே. கைய திருத்துறதுக்கு தான் ஒருத்தர் பக்கத்துல நிக்கணும்.

நான் ஆபீஸ் வேலையா செங்டு போனப்ப லீவு நாள்ல ஒரு கிளாஸ் போனேன் தம்பி. காலைல மார்க்கெட்டுக்கு கூட்டிட்டுப் போனாங்க, அப்புறம் ஒரு அபார்ட்மெண்ட்ல மேல் மாடில கிச்சன், நாலு பேரு, ஆளுக்கு ஒரு அடுப்பு ஒரு வாணலி. மொத முக்கா மணி நேரம் அடுப்பையே பத்த வைக்கல, வெறும் வெட்டு தான். அந்த பெரிய சதுரக் கத்திய நாம பிடிய பிடிச்சு வெட்டுவோம், அந்தம்மா வந்து என் கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் பிடிக்கு முன்னாடி தகட்டு மேலயே இறுக்கி வச்சாங்க, இன்னொரு கை விரல மடக்கி மூட்டுல கத்தி உரசி எறங்கற மாதிரி வச்சாங்க. பாஷையே தேவைப்படல. இஞ்சிய தகட்டால ஒரே அடி, அப்புறம் நசுக்கினதையே பொடியா நறுக்கறது, பூண்டும் அதே மாதிரி. நறுக்கினத எல்லாம் அதே கத்தில அள்ளி தட்டுல போட்டாச்சு. கறி எந்த அளவு துண்டோ வெங்காயத் தாளும் அந்த அளவு தான் இருக்கணும், ஏன்னா எல்லாம் ஒரே நேரத்துல வேகணும். என் தட்டுல ஒரு துண்டு பெருசா இருந்தாலும் திருப்பி அனுப்பிட்டாங்க.

அப்புறம் மாப்போ டோஃபு, சோயா பன்னீர்ல கொத்துக்கறி போட்டு காரமா செய்றது. டோஃபுவ சதுரமா வெட்டி உப்புத் தண்ணில லேசா கொதிக்க விட்டு வச்சுக்கணும், கிண்டறப்ப உடையாது. பீஃப் கொத்துக்கறிய ஈரமெல்லாம் போயி மொறுமொறுன்னு ஆகற வரைக்கும் வறுக்கணும். அதுக்கப்புறம் டோபன்ஜியாங், பெரிய அவரைக்கொட்டையும் மிளகாயும் சேத்து புளிக்க வச்ச விழுது அது, செங்டு பக்கத்துல பிஷியான்ல செய்றது தான் பேர் போனது. அதப் போட்டுட்டு தீய கொறச்சு எண்ணெய் செவப்பா பிரியற வரைக்கும் பொறுமையா நிக்கணும், நாம கொழம்புக்கு எண்ணெய் பிரிய காத்திருக்கோமே அதே தான். மாவு கரைச்ச தண்ணிய ஒரே ஊத்தா ஊத்தக் கூடாது, மூணு தடவையா ஊத்தணும், இல்லன்னா டோஃபு தண்ணி விட்டு, சாஸ் அது மேல ஒட்டாது. கடைசில வறுத்துப் பொடிச்ச சிச்சுவான் மிளகு. நாக்கு மரத்துப் போற மிளகு அது, கொங்கணில மீன் கறிக்குப் போடற திர்ஃபல் கூட அதோட சொந்தக்காரன் தான்.

கோங்பாவ் சிக்கனும் செய்ய வச்சாங்க, அது தான் உன் வண்டிக்கு ஆகும். நாம கறிய மாவுல பொரட்டி பொரிச்சு வச்சுட்டு அப்புறம் சாஸ்ல போடறோம். அங்க சோயா சாஸ், கொஞ்சம் தண்ணி, ஸ்டார்ச் போட்டு பிசறி ஊற வச்சு நேரா வாணலில போட்டுடறாங்க, நல்லா காஞ்ச வாணலில எண்ணெய் மட்டும் சூடேறாம ஊத்தி உடனே கறி, ஒட்டவே ஒட்டாது. கறி பஞ்சு மாதிரி இருக்கும். வேர்க்கடலைய எல்லாம் முடிஞ்சு அடுப்ப அணைக்கறதுக்கு முன்னாடி தான் போடணும், முன்னாடியே போட்டா நமுத்துடும். பொரிக்கற எண்ணெய் செலவு மிச்சம்னு உன் அண்ணன்கிட்ட சொல்லிப் பாரு.

என் ஓட்டு செங்டுக்கு தான். 2010ல யுனெஸ்கோ சமையல் நகரம்னு சேத்த ஊரு, கிளாஸும் நெறைய இருக்கு.

மண்ணடி பாய்:

அஸ்ஸலாமு அலைக்கும். நாங்க ஃபேருக்கு போய் வர்ற ஆளுங்க தான், கிளாஸ் அனுபவம் இல்ல, ஆனா பன்னி விஷயத்துல சொல்ல வேண்டியது இருக்கு. பன்னிக்கறி வேணாம்னு சொன்னா கறிய மட்டும் தான் மாத்துவாங்க, வாணலில ஊத்தறது பன்னிக் கொழுப்பா இருக்கலாம், சூப்பு பன்னி எலும்புல கொதிச்சதா இருக்கலாம். எண்ணெய், சூப்பு ரெண்டையும் தனித்தனியா கேட்டு எழுதி வாங்குங்க தம்பி. எங்கள மாதிரி ஆளுங்களுக்கு கறி ஊற வைக்கற அரிசி மதுவும் ஒரு பிரச்சனை, அதுக்கு பதிலா தண்ணி ஊத்திக்கறேன்னு சொன்னா பெரும்பாலும் ஒத்துக்குவாங்க.

முழுசா ஹலாலா வேணும்னா சிங்ஜென்னு போட்ட ஹுய் முஸ்லிம் கடைங்க இருக்கு, லான்ஜோ பீஃப் நூடுல்ஸ் கடை எல்லா ஊர்லயும் இருக்கும். மாவ இழுத்து இழுத்து கண்ணு முன்னாடியே நூலாக்குவான், பாத்துட்டே நிக்கலாம்.

அப்புறம் ஜிபே எதுவும் அங்க ஓடாது. அலிபே இல்லன்னா வீசாட்ல நம்ம விசா கார்டோ மாஸ்டர் கார்டோ இங்கயே இருந்து சேத்துட்டு போங்க, மார்க்கெட்ல கீரை விக்கற கிழவி கூட க்யூஆர் தான் காட்டுது. கூகுள் மேப்பும் வேலை செய்யாது, கிளாஸ் நடக்கற எடத்தோட அட்ரஸ சீன எழுத்துல வாங்கி டாக்ஸிக்காரன்கிட்ட காட்டுங்க.

சில பேர் ஹாங்காங்ல டிம் சம் கிளாஸ் போலாம்னு சொல்லுவாங்க. நம்ம பாஸ்போர்ட்டுக்கு ஆன்லைன்ல முன்பதிவு போட்டா அங்க 14 நாள் விசா இல்லாம இருக்கலாம், அது உண்மை தான். ஆனா குவாங்ஜோல இருந்து ஹாங்காங் போனா சீனாவ விட்டு வெளிய போன கணக்கு, திரும்பி உள்ள வர டபுள் என்ட்ரி விசா வேணும். மாமாகிட்ட விசா எந்த மாதிரின்னு மொதல்ல கேளுங்க.

காசிமேடு கொடுவா:

எல்லாரும் செங்டு செங்டுன்றீங்க. குவாங்ஜோல எறங்குற பையன ஏன்பா ஃப்ளைட் ஏத்தி தொரத்துறீங்க? கேன்டன் சமையல், அதான் குவாங்ஜோ பக்கத்து சமையல், அது தான்யா கஷ்டமான சமையல், காரத்த போட்டு எதையும் மறைக்க முடியாது. பக்கத்துல ஃபோஷான்ல ஷுன்டேன்னு ஒரு எடம், மெட்ரோலயே போலாம், சமையல்காரங்களுக்கு பேர் போன ஊரு, அதுவும் 2014ல அதே யுனெஸ்கோ லிஸ்ட்ல வந்துச்சு.

நான் கப்பல்ல வேல செய்றப்ப ஒரு குவாங்டாங் குக்கு கிட்ட மீன் ஆவில வேக வைக்குறத கத்துக்கினேன். நம்ம கடப்புறத்துல பொறந்தவன் நான், மீன்ன்னா எனக்கு மொளகா புளி போட்ட கொழம்பும் வறுவலும் தான், அத்த தவிர வேற எதுவும் மீனே இல்லன்னு இருந்தேன். அவன் முழு கொடுவாவ எடுத்தான், அரை கிலோக்கு கொஞ்சம் மேல, முதுகுல ரெண்டு கீறு, அடில வெங்காயத் தாள் ரெண்டு போட்டு அது மேல மீன வச்சான், அப்ப தான் அடிலயும் ஆவி போவும். தண்ணி தளதளன்னு கொதிச்சதுக்கு அப்பால தான் உள்ள வச்சான், எட்டு நிமிஷம், கண்ணுகிட்ட பாத்தான், கண்ணு வெள்ளையா துருத்தினு வந்துட்ச்சு, எடுத்துட்டான். தட்டுல நின்ன தண்ணிய கீழ ஊத்திட்டான், நான் ஐயோ அது தான்யா சாறுன்னேன், அது கவுச்சின்னு கைய ஆட்டிட்டான். புதுசா இஞ்சியும் தாளும் நூலு மாதிரி வெட்டி மேல போட்டு, எண்ணெய பொகையுற அளவுக்கு காய வச்சு அது மேல ஊத்துனான் பாரு, சர்ர்ருனு ஒரு சத்தம், ஓரத்துல சோயா சாஸ். அவ்ளோ தான். மீன் இன்னிக்கு புடிச்சதா நேத்து புடிச்சதான்னு மொத வாய்லயே தெரிஞ்சிடும். விடியக்காலைல காசிமேட்ல ஏலத்துல எடுத்த மீன் நம்மகிட்ட கீது, இத கத்துக்காம டோஃபுக்கு இன்னாத்துக்கு பறக்குறது?

யாங்ஷுவோ போணும்னா ட்ரெயின் கீது, மூணு மணி நேரத்துக்குள்ள போயிடும், ஆனா யாங்ஷுவோ ஸ்டேஷன் ஊருக்குள்ள இல்ல, சிங்பிங்ல கீது, அங்கேந்து பஸ்ஸு புடிக்கணும். மல, ஆறுலாம் சோக்கா கீது. கிளாஸ் எல்லாம் டூரிஸ்ட்டுக்குன்னே நடத்துறது, இங்கிலீஷ்ல சொல்லித் தருவான், அதனால பாஷ பயம் இல்ல. பியர் ஊத்தி ஆத்து மீன் செய்வாங்க, அது தான் அந்த ஊரு அயிட்டம். உங்கம்மாகிட்ட பியர் மேட்டர சொல்லாத.

கொருக்குப்பேட்டை கரண்டி:

அக்கா, பாய், அண்ணே எல்லாருக்கும் தேங்க்ஸ். மாமாகிட்ட கேட்டேன், விசா சிங்கிள் என்ட்ரி தான், அதனால ஹாங்காங் கட். மீன் கத படிச்சதுலேந்து மனசு ஷுன்டே பக்கம் சாஞ்சிடுச்சு, ஆனா அக்கா சொன்ன பொரிக்காத சிக்கன் மேட்டரும் வேணும். அந்த கறி ஊற வைக்குற வேல குவாங்ஜோ கிளாஸ்லயும் இருக்குமா? புக் பண்றதுக்கு முன்னாடி அவங்ககிட்ட இன்னா இன்னா கேக்கணும்? வரும்போது ஒரு கத்தியும் அந்த டோபன் விழுதும் வாங்கினு வரணும்னு பாக்குறேன்.

பெரம்பூர் அக்கா:

இருக்கும் தம்பி, கறிய ஸ்டார்ச்ல ஊற வைக்கறது சீனா முழுக்க உள்ள வழக்கம், பீஃப் போட்ட ஹோஃபன், அதான் பட்டையான அரிசி நூடுல்ஸ், செய்ற கிளாஸா பாத்து சேரு, அதுலயே ஊற வைக்கறதும் வந்துடும், பெரிய தீயில பெரட்டறதும் வந்துடும். ஆளுக்கு ஒரு அடுப்பா இல்ல ரெண்டு பேருக்கு ஒன்னான்னு கேளு. அத விட முக்கியம் கேஸ் அடுப்பா கரண்ட் அடுப்பான்னு கேக்கறது, சில எடத்துல இண்டக்ஷன் வச்சிருப்பாங்க, வாணலிய தூக்கினா சூடே போயிடும், வண்டில 19 கிலோ சிலிண்டர் வச்சு பெரிய தீயில நிக்கற உனக்கு அது பிரயோஜனமே இல்ல. காய் கறி எல்லாம் முன்னாடியே வெட்டி கிண்ணத்துல ரெடியா வச்சிருப்பாங்களான்னும் கேளு. ஆமான்னா அந்த கிளாஸ் வேணாம். பழைய ஆளுங்க போட்ட போட்டோவ பாரு, எல்லார் கைலயும் கத்தி இருக்கா, இல்ல மாஸ்டர் கைல மட்டும் இருக்கான்னு அதுலயே தெரிஞ்சிடும்.

செங்டுவ நான் இன்னும் விடல, அடுத்த தடவ மாமா கூட்டிட்டுப் போனா பாக்கலாம்.

மூலக்கடை முட்டை ரைஸ்:

சரிபா போய்ட்டு வா. அந்த பொரிக்காத சிக்கன் நல்லா வந்துச்சுன்னா சொல்லு, நான் ஒரு நா உன் வண்டிக்கு வந்து துன்னு பாத்துட்டு தான் நம்புவேன், ஓசில இல்ல. ஆனா வாணலில ஆவி மீன்லாம் வியாசர்பாடில போணியாவாது, சொல்லிட்டேன்.

மண்ணடி பாய்:

கத்திய செக்-இன் பெட்டில துணி சுத்திப் போடுங்க, கைப்பைல வச்சா ஏர்போர்ட்லயே புடுங்கிடுவாங்க. விழுதும் அதே பெட்டி தான், 100 மில்லிக்கு மேல கைப்பைல விட மாட்டாங்க. டப்பாவ ரெண்டு கவர் போட்டு இறுக்கிக் கட்டுங்க தம்பி, செவப்பு எண்ணெய் மாமாவோட சாம்பிள் மேல கொட்டிச்சுன்னா அடுத்த வருஷம் உங்கள கூட்டிட்டுப் போக மாட்டாரு.