ஏற்காட்டு வீட்டு மாடிக்கு இடிப்பு நோட்டீஸ்: விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்

வணக்கம். ஏற்காட்டில் என் சித்தப்பா 2019-ல் வீட்டு மாடியில் இரண்டு அறை கட்டினார், சீசனுக்கு வாடகைக்கு விடலாம் என்று. கீழ்வீடு தாத்தா காலத்தது, பட்டா நிலம். மாடிக்கு அனுமதி வாங்கவில்லை. தப்புதான், மறைக்கவில்லை. மலைப்பகுதியில் கட்ட 'ஹாகா' (மலைப்பகுதிப் பாதுகாப்புக் குழுமம்) அனுமதியும் வேண்டும் என்பதே நோட்டீஸ் வந்த பிறகுதான் தெரிந்தது. "யாரு வந்து பார்க்கப் போறாங்க" என்ற மேஸ்திரி இப்போது போனே எடுப்பதில்லை.

போன செவ்வாய் நோட்டீஸைக் கதவில் ஒட்டிவிட்டுப் போனார்கள். உள்ளே இருக்கும் தேதியோ 11 நாள் முந்தியது. பதிவுத் தபால் எதுவும் வரவில்லை. 2024 நவம்பர் 13 உச்ச நீதிமன்றத் தீர்ப்பின்படி, நோட்டீஸ் கைக்கு வந்து குறைந்தது 15 நாளாவது தர வேண்டும். சாலை, நீர்நிலை ஆக்கிரமிப்புக்கு அது பொருந்தாது, எங்களுடையது அப்படி இல்லை. இந்தத் தேதிக் குளறுபடியை பதில் மனுவில் எழுதலாமா?

வரன்முறைப்படுத்தலாம் என்று சிலர் தமிழ்நாடு நகர் ஊரமைப்புச் சட்டத்தின் 113சி பிரிவைச் சொல்கிறார்கள். அது 2007 ஜூலை 1-க்கு முன் கட்டியவற்றுக்குத்தானே? அதே சட்டத்தின் 80ஏ பிரிவில் அரசுக்கு மேல்முறையீடு செய்தவர்கள் யாராவது உண்டா? இல்லை, நேரே சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் போடுவதா? "ஒரே நாளில் ஸ்டே வாங்கிடலாம்" என்கிறார் பக்கத்து வீட்டுக்காரர், எனக்கு நம்பிக்கை இல்லை.

நகரமைப்பு வழக்குகள் பார்க்கும் வக்கீல் சேலத்தில் யாரையாவது தெரிந்தால் இன்பாக்ஸில் சொல்லுங்கள். அவகாசம் குறைவு. சித்தப்பா இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை.