உளுந்து டப்பாவில் இருந்த சிறுவாடு

2016 நவம்பர் 8, ராத்திரி எட்டு மணி. 500, 1000 ரூபாய் நோட்டு செல்லாது என்று டிவியில் சொன்னதும், "நம்மகிட்ட என்ன இருக்கு, மிஞ்சினா ரெண்டு நோட்டு" என்றாராம் அப்பா. அம்மா ஒன்றும் சொல்லாமல் அடுப்படிக்குப் போய்விட்டாள். மறுநாள் அவர் கடைக்குக் கிளம்பியதும் எனக்குப் போன். "பாப்பா, ஒரு எட்டு வந்துட்டுப் போடி."

உளுந்து டப்பாவுக்குள் முழங்கை வரை கையை விட்டு ஒரு பால் கவரை எடுத்தாள். நாலாக மடித்த ஐந்நூறு ரூபாய்த் தாள்கள், மொத்தம் 37. மடிப்பிலெல்லாம் உளுந்துத் தூசி. இட்லி மாவு விற்ற காசு, பழைய பேப்பர் போட்ட காசு, பஸ்ஸுக்குக் கொடுத்ததை நடந்தே போய் மிச்சம் பிடித்த காசு. பத்து ரூபாய்க்கும் கணக்குக் கேட்கிற வீட்டில் 18,500 ரூபாய்! என் காலேஜ் அப்ளிகேஷனுக்கும் இதிலிருந்துதான் எடுத்தாளாம். மாமா கொடுத்தார் என்றே இத்தனை வருஷமும் நினைத்திருந்தேன்.

'பொண்டாட்டிகளின் கருப்புப் பணம்' என்று அப்போது வாட்ஸ்அப் முழுக்க ஜோக். எனக்கு ஆத்திரம்தான் வந்தது. முப்பது வருஷம் வடித்துக் கொட்டியவள் தன் உழைப்பில் சேர்த்ததை எப்படித் திருட்டு என்பது?

"என் அக்கவுண்ட்ல போட்டுடட்டுமாம்மா?"

"வேண்டாம். என் பேர்ல ஒரு புஸ்தகம் போட்டுக் குடு."

அதற்குப் போட்டோ வேண்டும். ஆதாருக்கு எடுத்ததை விட்டால், அம்மா தனியாக இருக்கிற படம் ஒன்றுகூட வீட்டில் இல்லை. ஸ்டுடியோவில் முந்தானையை மூன்று தடவை சரிசெய்துகொண்டாள். பாஸ்புக் இப்போது அதே உளுந்து டப்பாவில்.

மறுமொழி, புதுக்கோட்டையிலிருந்து:

படித்ததும் என் மாமியார் ஞாபகம் வந்துவிட்டது. 1991-92இல் அறிவொளி இயக்கம் எங்கள் மாவட்டத்துப் பெண்களுக்கு எழுத்தோடு சைக்கிளும் கற்றுக்கொடுத்தது. 'பொம்பளைக்கு எதுக்குச் சைக்கிள்' என்கிற வீடு எங்களுடையது. அத்தை சிறுவாட்டுக் காசில் மணி வாடகைக்கு எடுத்து, இருட்டின பிறகு பள்ளிக்கூட மைதானத்தில் ஓட்டிப் பழகினார். முழங்கால் கிழிந்ததற்கு, "கிணத்தடியில வழுக்கிடுச்சு" என்றாராம். ஒருநாள் தண்ணீர்க் குடத்தைக் கேரியரில் கட்டிக்கொண்டு வாசலில் வந்து இறங்கியபோதுதான் மாமாவுக்கே தெரியும். அவர் ஒன்றும் பேசவில்லையாம். குடத்தை அவிழ்த்து உள்ளே கொண்டுபோய் வைத்தாராம். அந்தத் தழும்பை அத்தை இன்னமும் ஆசையாகத் தடவிப் பார்த்துக்கொள்வார்.