புதுப்பிப்பு: தங்கை குழந்தையின் வலிப்புக்குக் காரணம் தெரிந்தது

பிறந்த மறுநாளே தங்கை குழந்தைக்கு வலிப்பு வந்தது, ஏன் என்று தெரியவில்லை என எழுதியிருந்தேன் அல்லவா, எம்ஆர்ஐ எடுத்ததில் மூளையின் இடப்பக்கம் பக்கவாதம் (ஸ்ட்ரோக்) என்று தெரிந்தது. பச்சைக் குழந்தைக்குப் பக்கவாதமா என்று ஆடிப்போய்விட்டோம். பிறந்த குழந்தைக்கு வலிப்பு வர, பிரசவத்தில் மூளைக்கு ஆக்சிஜன் குறைவதுதான் முதன்மைக் காரணம், ஆனால் பக்கவாதத்தால் வருவதும் அரிதல்லவாம். சர்க்கரை, கால்சியம், கிருமித்தொற்று எல்லாம் முதலிலேயே பார்த்துவிட்டார்கள், சர்க்கரைக் குறைவை உடனே சரிசெய்யலாம் என்பதால் அதைத்தான் முதலில் பார்த்தார்கள்.

வலிப்பிலிருந்து வெறும் நடுக்கத்தை எப்படிப் பிரித்தறிவது என்று சிலர் கேட்டீர்கள். கையை மெல்லப் பிடித்தால் நடுக்கம் நின்றுவிடும், வலிப்பு நிற்காது. இவளுக்கு வலது கை மட்டும் சீராக வெட்டி வெட்டி இழுத்தது, நாங்கள் பிடித்த பிறகும் உள்ளங்கைக்குள் அந்தத் துடிப்பு தெரிந்தது. சில குழந்தைகளுக்கு வாய் சப்புவது, கண் ஒருபக்கம் நிலைகுத்துவது, மூச்சு நிற்பது மட்டுமே தெரியும், சிலருக்கு வெளியே ஒன்றுமே தெரியாது, மூளையின் மின் அலைகளைப் பதியும் இஇஜி சோதனையில்தான் பிடிபடும். சந்தேகம் வந்தால் வீடியோ எடுத்துக்கொண்டு உடனே ஓடுங்கள், விடியட்டும் என்று காத்திருக்காதீர்கள், வாயில் எதையும் ஊற்றாதீர்கள்.

ஃபீனோபார்பிட்டல் என்ற வலிப்பு மருந்து கொடுத்ததில் வலிப்பு நின்றது. வீட்டுக்கு அனுப்பும் முன்பே மருந்தையும் நிறுத்திவிட்டார்கள். இப்போது நன்றாகப் பால் குடிக்கிறாள், அப்புறம் வலது கையை எவ்வளவு பயன்படுத்துகிறாள் என்று தொடர்ந்து கவனிக்கச் சொல்லியிருக்கிறார்கள்.