ஆண்ட்ரேயா ஆம்பளை பேரா பொம்பளை பேரா? இத்தாலிக்காரங்க பேர் பத்தி ஒரு சந்தேகம்

மழைத்துளி:
எங்க ப்ராஜெக்ட்ல மிலான்ல இருந்து ஆண்ட்ரேயான்னு ஒருத்தர் ரெண்டு வாரமா மெயில் அனுப்பிட்டு இருந்தாங்க, நானும் ஒவ்வொரு மெயில்லயும் மேடம் மேடம்னுதான் எழுதினேன், நேத்து வீடியோ கால்ல பாத்தா தாடி வெச்ச ஆளு. அவர் ஒண்ணும் சொல்லல, ஆனா எனக்கு மனசு கேக்கல, உடனே மன்னிப்பு கேட்டுட்டேன். இத்தாலியன்ல ஓ-ல முடிஞ்சா ஆண், ஆ-ல முடிஞ்சா பெண்ணுன்னுதானே சொல்லுவாங்க? மார்கோ, பாவ்லோ, மரியா எல்லாம் அப்படித்தானே இருக்கு. இந்த பேர் மட்டும் ஏன் இப்படி, அதோட அர்த்தம் என்ன, தெரிஞ்சவங்க சொல்லுங்க.

பழையபுத்தகம்:
அர்த்தமே "ஆண்"தாங்க. மூலம் கிரேக்கம். அனேர்னா ஆண், வேற்றுமை உருபு சேரும்போது அது ஆண்ட்ரோஸ்னு மாறும், அதுல இருந்து ஆண்ட்ரேயாஸ். ஆண்ட்ரேயான்னு கிரேக்கத்துல தனியா ஒரு சொல்லும் உண்டு, வீரம், ஆண்மைன்னு அர்த்தம். ஆண்ட்ரேயாஸ் லத்தீன் வழியா இத்தாலியனுக்கு வந்தப்போ கடைசில இருந்த "ஸ்" விழுந்துடுச்சு, மிச்சம் நின்னதுதான் இந்த ஆ. பெண்பால் ஆ-வுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல. லூக்காஸ் லூகா ஆனதும் இப்படித்தான், நிக்கோலா, மத்தியா, எலியா எல்லாமே இத்தாலில ஆம்பளை பேர்தான். நம்ம ராஜா, சூர்யா, சிவா எல்லாம் ஆ-லதானே முடியுது, நாம குழம்புறோமா என்ன?

இயேசுவோட சீடர் அந்திரேயா இருக்காரே, பேதுருவோட சகோதரர், அதே பேர்தான் இது. தமிழ்ல பழைய கத்தோலிக்க வழக்குல அவரை பெலவேந்திரர்னு சொல்லுவாங்க. பெலம்னா பலம், மூலப்பேரோட அர்த்தத்துக்கு எவ்வளவு பக்கத்துல வருது பாருங்க, எனக்கு ரொம்ப பிடிச்ச பேர் அது.

கால்பந்துபைத்தியம்:
பிர்லோவை மறந்துட்டீங்களே! 2006 உலகக்கோப்பை ஜெயிச்ச டீம்ல ஆடின ஆண்ட்ரேயா பிர்லோ. பாடகர் போச்செல்லியும் ஆண்ட்ரேயாதான். இதே மாதிரி இன்னொண்ணு சிமோனே, ஃப்ரான்ஸ்ல சிமோன்னு அதே ஸ்பெல்லிங்ல பொண்ணுங்களுக்கு வைப்பாங்க, இத்தாலில சிமோனே இன்ஸாகி ஆம்பளை, அந்த பேரும் பலரை ஏமாத்தும்.

வெனிஸ்படகு:
நான் இத்தாலியன் படிக்கிறேன், ஒரு விஷயம் சேர்த்துக்கிறேன். ஜெர்மனி, ஸ்பெயின்ல எல்லாம் ஆண்ட்ரேயா பெண் பேர், அங்க ஆணுக்கு ஆண்ட்ரேயாஸ், ஆண்ட்ரெஸ்னு தனி வடிவம் இருக்கு. இத்தாலில பொண்ணுக்கு வைக்கணும்னா பழைய வழக்கத்துல ஆண்ட்ரேயினா. பேர் குழந்தையோட பாலினத்துக்கு பொருந்தணும்னு 2000ல வந்த பதிவு விதிலயே இருக்கு (உயிரோட இருக்கற அப்பாவோட பேரை அப்படியே பையனுக்கு வைக்கக்கூடாதுன்னும் அதுல இருக்கு), அதனால பொண்ணுக்கு ஆண்ட்ரேயான்னு வெச்சவங்க கோர்ட் வரைக்கும் போக வேண்டி வந்துச்சு. கடைசில 2012 நவம்பர்ல உச்ச நீதிமன்றம், வெளிநாடுகள்ல இது பெண் பேராவும் வழங்குது, பொண்ணுக்கும் வைக்கலாம்னு தீர்ப்பு சொல்லிச்சு. அதனால இப்ப சின்னப் பொண்ணா இருந்தா ரெண்டுமே சாத்தியம், உங்க மிலான்காரர் வயசுல இருந்தா பெரும்பாலும் ஆம்பளைதான்.

மெயில்ல கண்டுபிடிக்க ஒரு வழி, கையெழுத்துக்கு மேல பாருங்க, பட்டத்தை சுருக்கி "தொத்." (Dott.) மட்டும் போட்டிருந்தா ஆண், "தொத்.ஸ்ஸா" (Dott.ssa)ன்னு இருந்தா பெண். அவங்களுக்குள்ள எழுதற மெயில்ல "காரோ ஆண்ட்ரேயா" (அன்புள்ள ஆண்ட்ரேயா)ன்னு இருந்தாலும் ஆண்தான், பெண்ணா இருந்தா "காரா"ன்னு வந்திருக்கும்.

மழைத்துளி:
ரொம்ப நன்றிங்க எல்லாருக்கும். பழைய மெயிலை திறந்து பாத்தேன், "தொத்."னுதான் இருக்கு, முதல் மெயில்லயே இருந்திருக்கு, நான்தான் கவனிக்கல.

பழையபுத்தகம்:
நவம்பர் 30 அந்திரேயா திருநாள். இத்தாலில பேருக்குரிய புனிதரோட நாள் அன்னிக்கு வாழ்த்து சொல்ற வழக்கம் உண்டு, அதை ஓனொமாஸ்திக்கோன்னு சொல்லுவாங்க. அன்னிக்கு "புவோன் ஓனொமாஸ்திக்கோ"ன்னு ஒரு வரி அனுப்புங்க, மனுஷன் நிச்சயமா சந்தோஷப்படுவார்.