40 லட்சம் கடன், கட்டுவது 83 லட்சமா?

மேடவாக்கத்தான்:
ஃபிளாட்டுக்கு 40 லட்சம் கடன், 8.5 சதவீதம், 20 வருடம், தவணை 34,713 ரூபாய். முதல் மாத ஸ்டேட்மென்ட்டைத் திறந்தால் 28,333 வட்டிக்கே போயிருக்கிறது, அசலில் கழிந்தது வெறும் 6,380. பேங்க் கணக்குத் தப்பா?

பழைய கடன்காரன்:
தப்பே இல்லைங்க. மீதி அசலுக்குத்தான் வட்டி, ஆரம்பத்தில் அசல் மலையாக நிற்கிறது. தவணையை 240ஆல் பெருக்குங்கள், 83 லட்சத்தைத் தாண்டும். பத்திரப்பதிவு, மெயின்டனன்ஸ் எல்லாம் தனி.

தவணைதாசன்:
ஃப்ளோட்டிங், அதாவது வட்டி ஏறி இறங்கும் கடன் என்றால் இன்னொரு கூத்தும் இருக்கிறது. 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ, அதாவது ரிசர்வ் வங்கி பேங்குகளுக்குக் கொடுக்கும் கடனுக்கான வட்டி, 4 சதவீதத்திலிருந்து 6.5 ஆனது. என் தவணை ஏறவே இல்லை, தப்பித்தோம் என்று இருந்தேன், அப்புறம் பார்த்தால் 180 மாதம் மீதி இருந்த இடத்தில் 250ஐத் தாண்டி நிற்கிறது. வீட்டில் இன்னும் சொல்லவில்லை.

மேடவாக்கத்தான்:
ஐயோ. போனஸ் வந்தால் முன்கூட்டியே கட்டலாமா, அபராதம் போடுவார்களா?

பழைய கடன்காரன்:
சொந்தப் பெயரில் எடுத்த ஃப்ளோட்டிங் வீட்டுக் கடனுக்கு அபராதம் வாங்கக் கூடாது, ரிசர்வ் வங்கி விதி. வருடத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினாலே மூன்று வருடத்துக்கு மேல் குறையும். ஆனால் கட்டும்போது தவணையைக் குறைக்காதீர்கள், மாதங்களைக் குறையுங்கள் என்று எழுதிக் கொடுங்கள்.