கேட்டோ மேனர் நஷ்டஈடு வந்த பிறகு உங்கள் வீட்டில் என்ன ஆனது?

எங்கள் பெரியம்மா பிறந்தது தென்னாப்பிரிக்காவில், டர்பன் நகரத்தின் கேட்டோ மேனரில். எந்த இனத்தார் எங்கே குடியிருக்கலாம் என்று பிரித்த, 1950-இல் வந்த குழுப் பகுதிச் சட்டத்தின் கீழ் அந்த இடத்தை வெள்ளைக்காரர்களுக்கு ஒதுக்கினார்கள். பெரியம்மா குடும்பம் இந்தியர்களுக்கென்று ஒதுக்கிய சாட்ஸ்வொர்த்துக்குப் போனது. பறிபோன நிலத்துக்கு நஷ்டஈடு கேட்கும் மனுவுக்கு 1998 டிசம்பர் 31 கடைசி நாள் என்றதும் மாமாதான் அலைந்து எழுதிப் போட்டார். பல வருடம் கழித்து வந்த பணத்தைப் பங்கு போட்டால் ஆளுக்கு ஒரு ஃபிரிட்ஜ் தேறும், அவ்வளவுதான். அந்தப் பங்கில் கிளம்பிய சண்டை தனிக் கதை.

போன புனித வெள்ளிக்கு பெல்லேர் ரோட்டுக் கோவிலில் தீமிதி பார்த்துவிட்டு, பழைய வீட்டுக்குப் போகணும் என்று பெரியம்மா ஒரே பிடிவாதம். வீடு எங்கே இருக்கிறது? சிமென்ட் படி மூன்றும் அவகாடோ மரமும்தான் மிச்சம். பக்கத்துத் தகர வீட்டிலிருந்து ஒரு ஜூலு அம்மா வந்து, "சாவுபோனா, கோகோ" (வணக்கம், பாட்டி) என்றார். பெரியம்மா சளசளவென்று ஜூலுவில் பதில் சொன்னார்! அந்த அம்மாவையும் சின்ன வயதில் இங்கிருந்து லாரியில் ஏற்றி, கறுப்பின மக்களுக்கென்று ஒதுக்கிய க்வாமாஷுவில் இறக்கியிருக்கிறார்கள். இருவரும் படியில் உட்கார்ந்து ஒரு மணி நேரம் பேசினார்கள். கிளம்பும்போது ஒரு பை அவகாடோ வேறு.

சரி, மனசு ஆறிவிட்டது என்று நான் நினைத்தேன். காரில் ஏறியதும், "நல்ல மனுஷிதான். ஆனா எங்கப்பா கடையைக் கொளுத்தினது யாருன்னு இவ அப்பனுக்குத் தெரிஞ்சிருக்கும்" என்கிறார்.

டர்பனில் கறுப்பின மக்கள் இந்தியர்களைத் தாக்கிய 1949 ஜனவரிக் கலவரத்தைச் சொல்கிறார். 142 பேர் செத்தார்கள் என்பது அரசுக் கணக்கு. அன்று ராத்திரி பெரியம்மாவைத் தன் கட்டிலுக்கு அடியில் ஒளித்து வைத்ததும் ஒரு ஜூலுக் குடித்தனக்காரர்தான். அதையும் அவரே சொல்வார், அதே மூச்சில்.

— சாட்ஸ்வொர்த்

எங்கள் அப்பா மனுவே போடவில்லை. "காசை வாங்கிட்டா கணக்குத் தீர்ந்துச்சுன்னு எழுதிக்குவாங்க" என்றார். அப்பா போய்ச் சேர்ந்துவிட்டார். அம்மாவுக்கு இன்றைக்கும் கோபம் அரசாங்கத்தின் மேல் இல்லை, அப்பா மேல்தான். பெரியம்மாவை மறுபடி கூட்டிப் போவீர்களா?

— ஃபீனிக்ஸ்

போகாமல் விடுவாரா? தைப்பூசக் காவடிக்குப் போகும்போது அங்கேயும் போகணுமாம். அந்தக் கட்டில்காரர் குடும்பம் இப்போது எங்கே இருக்கிறது என்று அந்த அம்மாவிடம் விசாரிக்க வேண்டுமாம். கடை விஷயத்தையும் கேட்டுவிடுவாரோ என்றுதான் எனக்குப் பயம்.

— சாட்ஸ்வொர்த்