வீட்டின் வடக்குப் பக்க நிழலில் புல்தரை நிற்குமா?

திருப்பாலை வீட்டுக்காரர்:

மதுரை திருப்பாலையில் உள்ள எங்கள் மாடி வீட்டின் வடக்குப் பக்கத்தில் 20 அடிக்கு 20 அடி திறந்தவெளி இருக்கிறது. அதன் கிழக்கு மூலையில் பெரிய வேம்பு ஒன்று நிற்கிறது. சென்ற சித்திரையில் கொரியன் புல் பாய்களை வாங்கிப் பதித்தோம். ஆவணி வரை வெறுங்காலில் நடக்கும்படி அடர்ந்திருந்த புல், ஐப்பசியில் மெலியத் தொடங்கியது. இந்த மார்கழியில் சுவரோரம் முழுவதும் மண் தெரிகிறது, மரத்தடியில் பாசி பிடித்திருக்கிறது. பதித்துக் கொடுத்தவர் நீர் போதவில்லை என்றார். நாளுக்கு இருமுறை நீர் விட்டு, யூரியாவும் இட்ட பிறகு முன்னிலும் வேகமாக அழுகுகிறது. வேறு புல் வைக்கலாமா, அல்லது ஆசையை விட்டுவிட வேண்டுமா?

வைகைக்கரையான்:

ஐயா, நீங்கள் குறிப்பிட்ட மாதங்களிலேயே விடை இருக்கிறது. மதுரை ஏறத்தாழ 10 பாகை வட அட்சத்தில் இருப்பதால், சித்திரைத் தொடக்கம் முதல் ஆவணி முற்பகுதி வரை உச்சிச் சூரியன் நம் தலைக்குச் சற்று வடக்கே செல்கிறது. அப்போது வடக்கு முற்றத்தில் நண்பகல் வெயில் நேராக விழும். மார்கழியிலோ அது உச்சியிலிருந்து 33 பாகை தெற்கே சாய்ந்துவிடுவதால், 22 அடி உயரச் சுவரின் நிழல் நண்பகலிலேயே 14 அடிக்கு மேல் நீள்கிறது. நீங்கள் புல் பதித்த மாதத்தில் அங்கே நிழலே இருந்திருக்காது.

அருகு, கொரியன் போன்ற வெப்பகாலப் புற்கள் கடும் வெயிலைப் பயன்படுத்தி வளரும் இயல்புடையவை. வெளிச்சம் குறைந்தால் இலை நீண்டு மெலியும், பக்கவாட்டில் ஓடும் தண்டுகள் குறையும், வேர் மேலோட்டமாகிவிடும். அந்த நிலையில் யூரியா இட்டால், சேமிப்பில் இருக்கும் கொஞ்ச மாவுச்சத்தையும் இலை வளர்ச்சிக்கே செலவழித்துவிடும். இருவேளை நீர் விட்டால் ஈரம் காயாமல் பூஞ்சணம் பற்றும். முதலில் இரண்டையும் நிறுத்துங்கள். பிறகு ஒரு நாள் மணிக்கு ஒருமுறை வெளியே வந்து, எந்த இடத்தில் எத்தனை மணி நேரம் நேர்வெயில் விழுகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள்.

செம்மண்காடு:

வரப்பில் வெட்ட வெட்டத் துளிர்க்கும் அருகம்புல், மர நிழலில் சில மாதங்கூடத் தாங்காது என்பது விவசாயிகளுக்கு வியப்பாகவே இருக்கும். அதற்கு 6 முதல் 8 மணி நேர வெயில் வேண்டும். கொரியன் வகை சற்றுக் குறைவாகக் கிடைத்தாலும் சமாளிக்கும். 4 மணி நேரமே கிடைக்கும் இடத்துக்கு எருமைப்புல்தான் ஏற்றது. நர்சரிகளில் பஃபலோ புல் என்று கேளுங்கள். ஆனால் வட அமெரிக்காவில் அதே பெயரில் வழங்கும் மெல்லிய இலைப் புல் நிழல் தாங்காது என்பதால், இலை அகலமாகவும் ஓடுதண்டு தடிப்பாகவும் இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். உப்புத்தன்மையுள்ள போர் நீரையும் இது ஓரளவு தாங்கும்.

பொதுவாக மழையை நம்பி ஐப்பசியில் நடுவார்கள். உங்கள் இடத்தில் வெயில் விலகும் காலம் அதுவே என்பதால், சித்திரையிலேயே கணுத்துண்டுகளை அரையடி இடைவெளியில் நட்டு, நீர் பாய்ச்சி வேர் பிடிக்க வைப்பதே என் யோசனை. வெட்டும்போது 3 அங்குலத்துக்குக் கீழே இறக்காதீர்கள். வேம்பின் தாழ்ந்த கிளைகளைக் கவாத்து செய்தால் காலை வெயில் உள்ளே வரும்.

மாடித்தோட்டக்காரி:

கவாத்து செய்தாலும் வேம்பின் வேர்கள் நீரையும் சத்தையும் இழுத்துக்கொள்ளும். இலையுதிர் காலத்தில் சருகு வேறு புல்லை மூடும். எங்கள் வீட்டில் மூன்று முறை புல் வைத்துத் தோற்றபின், அடிமரத்தைச் சுற்றி 6 அடிக்குச் சருகை மூடாக்காக விட்டுவிட்டு, கல் பலகை போட்டு உட்கார்ந்துகொண்டோம். வெயில் நேரத்தில் அங்கேதான் எல்லோரும் கூடுகிறார்கள்.

திருப்பாலை வீட்டுக்காரர்:

நேற்று அளந்து பார்த்தேன். சுவரிலிருந்து 6 அடி வரை நேர்வெயில் ஒரு மணி நேரங்கூட இல்லை. 15 அடிக்கு அப்பால், மரத்தைத் தவிர்த்து, 4 மணி நேரம் இருக்கிறது. சுவரோரம் கல் பாவிவிட்டு, வெளிப்பகுதியில் சித்திரையில் எருமைப்புல் நடுகிறேன். இடைப்பட்ட 9 அடியில் ஒரே ஒரு வரிசை மட்டும் நட்டு, அடுத்த மார்கழியில் அதன் நிலையை இங்கே எழுதுகிறேன்.